அகக்காழும் புறக்காழும்: ஓர் அடைமொழியின் பொருள் வரலாறு

கலைச்சொற்களை ஆராய்வோர் பெயர்ச்சொற்களையே பெரிதும் நோக்குவர். அடைமொழிகளை நோக்குவார் சிலரே. ஆயினும், ஒரு பொருளை அதனோடு ஒத்த பிறவற்றினின்று பிரித்துக் காட்டுவது அடைமொழியே ஆகும். பெயர் 'இது' எனச் சுட்டுகிறது. அடைமொழி 'இது இத்தன்மைத்து' எனக் கூறுகிறது. ஆதலின், ஓர் அடைமொழியுள் அதனை ஆக்கியோர் அறிவும் கோட்பாடும், சிலபோது அவர்தம் பிழையும் பொதிந்து கிடத்தல் இயல்பு. தமிழில் பயிர்களைப் பகுத்துரைக்க எழுந்த மிகப் பழைய அடைமொழிகள் அகக்காழ், புறக்காழ் என்னும் இரண்டு. இவற்றின் உண்மைப் பொருள் யாது, அது காலந்தோறும் எவ்வாறு கொள்ளப்பட்டது, ஐரோப்பியப் பயிர்நூலார் சொற்களோடு இவற்றை இணைக்குங்கால் நேரும் மயக்கம் யாது என்பவற்றை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

இவ்வாராய்ச்சிக்கு ஒரு சிறு நிகழ்ச்சி தூண்டுகோலாயிற்று. முதுகலை மாணவர் ஒருவர் எழுதிய ஆய்வேட்டு வரைவில், அகக்காழ் என்பதற்கு 'எண்டோஜீனஸ்' என்றும், புறக்காழ் என்பதற்கு 'எக்சோஜீனஸ்' என்றும் நேர்ச்சொற்கள் தரப்பட்டிருந்தன. 'எண்டோ' என்பது அகம். 'எக்சோ' என்பது புறம். சொல்லுக்குச் சொல் ஒத்திருந்தமையின் யானும் அதனைத் திருத்தாது விட்டேன். பின்னர்ப் பயிர்நூல்களை ஒப்பு நோக்கியபோதுதான் அது முற்றிலும் தலைகீழானது என்பது விளங்கிற்று. ஒரு மாணவரது எழுத்துப் பிழையாக மட்டும் இதனைக் கருதி ஒதுக்குதல் இயலாது. இரு நாகரிகங்கள் ஒரே மரத்தை நோக்கிய இருவேறு முறைகள் இப்பிழையுள் அடங்கியுள்ளன.

நூற்பாவும் அதன் சொல்லமைப்பும்

தொல்காப்பியப் பொருளதிகாரத்தின் இறுதி இயலாகிய மரபியல், உயிர்களை ஓரறிவு முதல் ஆறறிவு ஈறாக வகுத்துக் கூறுகிறது. அதன்கண் புல்லும் மரமும் ஓரறிவுயிர்கள் எனப்படுகின்றன. அவ்வியலின் பிற்பகுதியில், புறத்தே காழ் உடையவற்றைப் புல் என்றும் அகத்தே காழ் உடையவற்றை மரம் என்றும் கூறும் வழக்கு எடுத்துரைக்கப்படுகிறது. ஆசிரியர் இதனைத் தம் கண்டுபிடிப்பாகக் கூறாமல், பிறர் மொழிந்ததாகவே கூறுகிறார் என்பது நோக்கத்தக்கது. நூல் எழுந்த காலத்திற்கு முன்னரே இப்பாகுபாடு கற்றோரிடத்து நிலைபெற்றிருந்தது என்பது இதனாற் போதரும். மரபியலின் சில பகுதிகள் பிற்காலத்துச் சேர்க்கை எனக் கருதும் அறிஞரும் உளர். நூற்பாவின் காலம் எதுவாயினும், இங்கு ஆராயப்படும் சொற்பொருள் அதனால் வேறுபடுவதில்லை.

'அகக்காழ்' என்பது அகத்தின்கண் உள்ள காழ் என விரியும் ஏழாம் வேற்றுமைத் தொகை. நூற்பாவில் அது 'அன' என்னும் பலவின்பால் ஈற்றோடு கூடி, 'அகக்காழை உடையன' என்னும் பொருளில் குறிப்புச் சொல்லாக நிற்கிறது. தமிழில் இத்தகைய குறிப்புச் சொற்கள் ஒரு பொருளின் உடைமையையோ, இடத்தையோ, பண்பையோ அடியாகக் கொண்டு பிறப்பன. 'அகக்காழன' என்பது இடமும் உடைமையும் பற்றி வந்தது. அதன்கண் வினை எதுவும் இல்லை. மரம் எவ்வாறு வளர்ந்தது, காழ் எவ்வாறு உண்டாயிற்று என்பன பற்றி அச்சொல் ஒன்றும் கூறவில்லை. வன்மை எவ்விடத்து உள்ளது என்பதை மட்டும் கூறுகிறது. இவ்விலக்கணக் கூறு பின்னர் வரும் ஒப்பீட்டிற்கு இன்றியமையாதது.

இனிக் காழ் என்னும் சொல் பல பொருள் ஒருமொழி. மரத்தின் வயிரம், விதை, மணிவடம், தூண், கம்பி, மனத்திண்மை எனப் பல பொருள்களில் அது வழங்கியுள்ளது. 'காழ்த்தல்' என்னும் வினை முதிர்ந்து வன்மையுறுதலைக் குறிக்கும். முள்மரத்தை இளமையிலேயே களைதல் வேண்டும் என்னும் கருத்தமைந்த திருக்குறளில், முதிர்ந்த நிலையைக் குறிக்க இவ்வினையே ஆளப்பட்டுள்ளது. மனத்துள் நெடுநாள் இறுகிய பகையைக் 'காழ்ப்பு' என்று கூறும் வழக்கும் இதன் வழியதே. எனவே காழ் என்பது காலத்தால் விளையும் வன்மை. 'விதை' என்னும் பொருளும் இச்சொற்கு உண்மையால், அகக்காழ் என்பதை விதையின் அமைப்போடு தொடர்புபடுத்த எண்ணுவாரும் உளர். புறத்தே விதையுடையது புல், அகத்தே விதையுடையது மரம் எனக் கொள்ளின் பொருள் சிறவாது. பனையும் தெங்கும் அவ்வாறு அமைந்தனவல்ல. பனை, தெங்கு, கமுகு ஆகியவற்றைப் புல்லுக்கு எடுத்துக்காட்டாகத் தரும் உரை மரபும் வயிரம் என்னும் பொருளையே அரண் செய்கிறது.

இதனையடுத்து வரும் நூற்பாக்கள் புல்லுக்கும் மரத்திற்கும் உரிய உறுப்புப் பெயர்களைத் தொகுத்துரைக்கின்றன. ஓலை, மடல், பாளை, குலை, ஈர்க்கு முதலியன புல்லோடு வருவன. தளிர், முறி, சினை, குழை, அரும்பு, நனை முதலியன மரத்தோடு வருவன. காய், பழம், தோல் முதலியன இரண்டிற்கும் பொது. மரபியல் என்னும் பெயர்க்கேற்ப, எப்பொருட்கு எச்சொல் உரியது என்பதை வரையறுத்தலே இங்கு ஆசிரியர் கருத்து. பனைக்கு ஓலையும் வேம்புக்கு இலையும் உரியன என்று கூறுதற்கு முன்னர், பனை எவ்வினத்தது, வேம்பு எவ்வினத்தது என்று கூறுதல் வேண்டுமன்றோ? அதற்காகவே காழ் பற்றிய பாகுபாடு அமைந்தது. பயிர்நூல் இங்குச் சொன்னூலுக்குத் துணையாக வந்துள்ளது.

கரிசலிற் கண்ட சான்று

நூற்பாவின் பொருளை ஏட்டில் மட்டுமன்றி நிலத்திலும் காண்டல் நலம். அதற்கேற்ற இடம் தென்காசி மாவட்டத்துத் திருவேங்கடம் வட்டாரம். தமிழகத்தின் வடவெல்லையாகப் பாயிரம் கூறும் வேங்கடம் வேறு. இவ்வூர் சங்கரன்கோவிலுக்கு வடகிழக்கே கரிசல் நிலத்தில் அமைந்தது. 2019ஆம் ஆண்டு நவம்பர்த் திங்களில் தென்காசி மாவட்டம் பிரிக்கப்படுமுன் இது திருநெல்வேலி மாவட்டத்தைச் சார்ந்திருந்தது. இங்கு வரப்புகளிலும் கண்மாய்க் கரைகளிலும் பனைகள் நிற்கின்றன. மேற்கே குற்றாலச் சாரலிலோ, தேக்கும் வேங்கையும் ஈட்டியும் போன்ற வயிர மரங்கள் வளரும் மலைக்காடு. ஒரே மாவட்டத்தின் கீழ்ப்பாலில் புறக்காழும் மேல்பாலில் அகக்காழும் சிறந்து விளங்குகின்றன எனக் கூறுதல் மிகையாகாது.

திருவேங்கடத்தை அடுத்த சிற்றூர் ஒன்றில் பழைய ஓட்டுவீடு ஒன்று பிரிக்கப்பட்டபோது யான் அங்கு இருந்தேன். கூரையினின்று இறக்கப்பட்ட பனங்கைகள் கரிய நிறத்தவாய், இரும்பு போல் கனத்திருந்தன. அங்குப் பணி செய்த முதிய தச்சர் அவற்றின் இயல்பை விளக்கினார். முற்றிய பனையை நீளவாக்கிற் பிளந்து, உள்ளிருக்கும் சோற்றை வாய்ச்சியாற் செதுக்கி எறிந்துவிட்டு, புறத்து வயிரத்தை மட்டுமே கைகளாக எடுப்பர். வேம்பும் புளியும் அறுக்குங்கால் இதற்கு மாறாக, புறத்து வெள்ளையைக் கழித்துவிட்டு நடுவயிரத்தை எடுப்பர். வெள்ளையை விட்டுவைத்தால் அது விரைவிற் புழுவரித்துப் போகும். வடலிப் பருவத்துப் பனையை வெட்டினால் புறத்தும் வயிரம் இராது. அது கூரைக்கு உதவாது. இவை அவர் கூறியன.

அவர் தொல்காப்பியம் கற்றவர் அல்லர். ஆயினும் அவர் கூற்றில் நூற்பாவின் பொருள் முழுவதும் அடங்கியிருந்தது. வாய்ச்சி ஒன்றே, அதனை ஆளும் கையும் ஒன்றே. ஆனால் நீக்குவதும் கொள்வதும் இடம் மாறுகின்றன. பனையில் அகம் வெளிறு, புறம் காழ். வேம்பில் புறம் வெளிறு, அகம் காழ். காழ், வெளிறு என்பன பழைய இலக்கியச் சொற்கள். வயிரம், சோறு, வெள்ளை என்பன தச்சர் வழக்கு. சொல் மாறினும் பாகுபாடு மாறவில்லை. உட்சோற்றை நீக்கிய பனந்துண்டு நீர் செல்லும் கால்வாயாகப் பயன்பட்டதும், புளியின் வயிரம் செக்குக்கும் உலக்கைக்கும் பயன்பட்டதும் இவ்வேறுபாட்டின் விளைவுகளே. எனவே அகக்காழ், புறக்காழ் என்பன மரத்தை வெட்டிப் பயன்கொண்ட கைவினைஞர் அறிவினின்று பிறந்து, பின்னர் நூலுள் ஏறிய சொற்கள் என்று கருதுதல் பொருந்தும். வடலிக்குக் காழ் இன்மையும் ஈண்டு நினைத்தற்குரியது: இவ்வடைமொழி முதிர்ந்த நிலையை நோக்கி இனத்திற்கு இடப்பட்டதேயன்றி, ஒவ்வொரு செடியின் ஒவ்வொரு பருவத்திற்கும் உரியதன்று.

நிகண்டு தந்த மூன்றாம் வகை

இருவகைப் பாகுபாட்டில் அடங்காதனவும் உலகில் உள. முருங்கைக்கு அகத்தும் வயிரமில்லை, புறத்தும் வயிரமில்லை. வாழையின் நிலையும் அதுவே. இக்குறையை நிகண்டு மரபு நிரப்பிற்று. அகக்காழ் உடையது ஆண்மரம், புறக்காழ் உடையது பெண்மரம், காழற்று வெளிறாயிருப்பது அலிமரம் என்று அது மூவகையாக வகுத்தது.

இவ்வழக்கு ஒரு புதிய மயக்கத்திற்கும் இடந்தந்தது. பனையில் பூவால் வேறுபட்ட ஆணும் பெண்ணும் தனித்தனி மரங்களாக உள்ளன; காய்ப்பது பெண்பனை, காயாதது ஆண்பனை. இஃது ஊரார் யாவரும் அறிந்தது. நிகண்டு வழக்கின்படியோ ஆண்பனையும் பெண்மரமே. ஏனெனின் அதற்கும் காழ் புறத்தே உள்ளது. ஆகவே நிகண்டின் 'ஆண்', 'பெண்' என்னும் அடைகள் பால் வேறுபாட்டைக் குறியாமல், வன்மையின் இருப்பிடத்தையே உருவகமாகக் குறிக்கின்றன. இதனை உணராது, பயிர்களில் ஆண் பெண் வேறுபாட்டை நிகண்டாசிரியர்கள் இச்சொற்களால் கூறினர் எனச் சான்று காட்டுதல் பொருந்தாது. ஒரே சொல் இருவேறு அளவைகளால் இருபொருள் படும்போது, எந்த அளவை எந்நூலில் ஆளப்பட்டது என்பதை முதற்கண் துணிதல் ஆராய்ச்சியாளர் கடன்.

ஐரோப்பிய அடைமொழிகளின் தோற்றமும் வீழ்ச்சியும்

இனி மேனாட்டு வரலாற்றை நோக்குவோம். ஆங்கிலேயப் பயிர்நூலார் ஜான் ரே 1682ஆம் ஆண்டு வெளியிட்ட நூலில், முளையில் தோன்றும் வித்திலைகளின் எண்ணிக்கையைப் பாகுபாட்டிற்கு அடிப்படையாக ஆண்டார். ஒருவித்திலை, இருவித்திலை என்னும் பிரிவு இவ்வாறு வேரூன்றியது. இது விதையையும் முளையையும் நோக்கிய பாகுபாடு.

தண்டினை நோக்கிய பாகுபாடு அதற்கு ஒரு நூற்றாண்டு பிற்பட்டது. பிரெஞ்சு அறிஞர் டெஃபோந்தேன் வட ஆப்பிரிக்காவிற் சுற்றிப் பயணம் செய்து பேரீச்ச மரங்களை நேரிற் கண்டவர். ஒருவித்திலைப் பயிர்களின் தண்டமைப்புப் பற்றி 1798ஆம் ஆண்டு அவர் வெளியிட்ட கட்டுரையில், அத்தண்டுகளின் நடுப்பகுதி மென்மையாகவும் புறப்பகுதி வன்மையாகவும் இருத்தலை எடுத்துக் காட்டினார். இது திருவேங்கடத்துத் தச்சர் கூற்றோடு முழுதும் ஒக்கும். ஆனால் அவர் அவ்வளவில் நிற்கவில்லை. நடுவில் மென்மையாக இருப்பது இளமையானது. புறத்தே வன்மையாக இருப்பது முதியது. எனவே புதிய நார்கள் நடுவிலே தோன்றிப் பழையனவற்றைப் புறத்தே தள்ளுகின்றன என்று கருதினார்.

இக்கருத்தை அடிப்படையாகக் கொண்டு, ஜெனீவா நகரத்து அறிஞர் டெ காண்டோல் 1813ஆம் ஆண்டு வெளியிட்ட பயிர்நூற் கோட்பாட்டு நூலில் இரண்டு அடைமொழிகளை ஆக்கினார். வேம்பு போன்றவற்றின் கட்டை, பட்டையை அடுத்துப் புறத்தே புதுப்படலம் சேர்ந்து பருப்பது. எனவே அவை 'எக்சோஜீனஸ்', அதாவது புறத்தே பிறந்து வளர்வன. பனை போன்றவை நடுவிலிருந்து வளர்வன. எனவே அவை 'எண்டோஜீனஸ்', அதாவது அகத்தே பிறந்து வளர்வன. இவ்வடைமொழிகளின் பிற்கூறு பிறத்தல், தோன்றுதல் என்னும் பொருளுடைய கிரேக்க வேரினின்று வந்தது. தமிழ் அடைமொழி இருப்பிடம் கூறுவது. இது பிறப்பிடம் கூறுவது. இவ்வேறுபாடே இக்கட்டுரையின் உயிர்நிலை.

டெ காண்டோலின் சொற்கள் விரைந்து பரவின. இராபர்ட் வைட் என்னும் மருத்துவர் 1830களில் குற்றால மலையில் செடிகொடிகளைத் திரட்டிய காலம், இச்சொற்கள் ஐரோப்பாவில் ஓங்கியிருந்த காலமாகும். இங்கிலாந்தில் லிண்ட்லி 1846ஆம் ஆண்டு வெளியிட்ட பெருநூலில் இவை பெருவகுப்புகளின் பெயர்களாகவே அமைந்தன. ஆனால் அதற்குப் பதினைந்து ஆண்டுகட்கு முன்னரே இவற்றின் அடிப்படை தகர்ந்துவிட்டது. செருமானிய அறிஞர் ஹியூகோ ஃபான் மோல், பனையினங்களின் உள்ளமைப்பை நுண்ணோக்கியால் ஆராய்ந்து 1831ஆம் ஆண்டு நூல் வெளியிட்டார். இலையினின்று தண்டினுள் புகும் நார்க்கற்றை முதலில் நடுவை நோக்கிச் சென்று, பின்னர் வளைந்து கீழே புறத்தை நோக்கி இறங்குகிறது என்பதை அவர் காட்டினார். ஒரே கற்றை மேலே அகத்தும் கீழே புறத்தும் இருக்கக் காண்கிறோம். இளைய கற்றைகள் முதியவற்றைக் குறுக்கிட்டுப் புறத்தே வருகின்றன. ஆகவே நடுவிலிருந்து தள்ளி வளர்தல் என்னும் கருத்து நிற்கமாட்டாது. கோட்பாடு வீழ்ந்த பின்னரும் அடைமொழி மட்டும் பாடநூல்களில் நெடுங்காலம் வாழ்ந்தது. சொற்கள் தம்மை ஈன்ற கருத்துகளினும் நீண்ட ஆயுள் உடையன என்பதற்கு இஃது ஒரு சான்று.

பனையின் புறவன்மைக்கு உண்மைக் காரணம் வேறு. வேம்பு போன்ற மரங்களில் பட்டைக்கும் கட்டைக்கும் இடையே வளர்படலம் ஒன்று உள்ளது. அஃது ஆண்டுதோறும் உட்புறம் புதிய கட்டையை உண்டாக்குகிறது. முதிய கட்டை நடுவில் அகப்பட்டு, நீர் கடத்தும் தொழிலை இழந்து, பிசின் முதலிய பொருள்கள் படிந்து கறுத்து இறுகுகிறது. இதுவே அகக்காழ். பனையில் அத்தகைய வளர்படலம் இல்லை. நார்க்கற்றைகள் தண்டெங்கும் சிதறிக் கிடப்பினும், புறத்தே நெருங்கியும் நடுவில் அருகியும் உள்ளன. புறத்துக் கற்றைகளைச் சூழ்ந்த நார்கள் ஆண்டுகள் செல்லச் செல்லத் தடித்து வன்மையுறுகின்றன. இதுவே புறக்காழ். ஈரிடத்தும் வன்மை காலத்தால் விளைவது. 'காழ்த்தல்' என்னும் வினை இரண்டிற்கும் பொருந்துவதே.

தலைகீழ் நேர்ச்சொல்

மேற்கூறியவற்றால் மாணவர் தந்த நேர்ச்சொற்கள் ஏன் பிழை என்பது வெளிப்படை. எக்சோஜீனஸ் எனப்பட்ட பயிர் புறத்தே புதுக்கட்டை சேர்வது. புறம் புதிதாகவே, பழையது அகத்தே இறுகும். எனவே எக்சோஜீனஸ் எனப்பட்டது நம் அகக்காழ் மரமே. எண்டோஜீனஸ் எனப்பட்டதோ நம் புறக்காழ்ப் புல்லே. ஒருவர் இளமையின் இடத்தை நோக்கிப் பெயரிட்டார். மற்றவர் முதுமையின் இடத்தை நோக்கிப் பெயரிட்டார். இளமை எவ்விடத்ததோ அதற்கு மறுதலையான இடத்தது முதுமை. ஆதலின் சொற்கள் கண்ணாடியிற் பட்ட உருப்போல் இடவல மாறி நிற்கின்றன.

தொல்காப்பியப் பொருளதிகாரம் சி. வை. தாமோதரம் பிள்ளையின் பதிப்பாக 1885ஆம் ஆண்டு வெளிவந்தது. அக்காலத்து ஆங்கிலக் கல்வி பெற்றோர் மேனாட்டுச் சொற்களோடு பழந்தமிழ்ச் சொற்களை ஒப்பிட முற்பட்டது இயல்பே. ஆனால் முன்னொட்டுகளின் ஒலிப்பொருளை மட்டும் கொண்டு நேர் காணின் இம்மயக்கம் நேர்ந்தே தீரும். ஒப்பிட வேண்டுவது சொல்லோடு சொல்லையன்று. சொல் சுட்டும் பொருளோடு பொருளை.

தொல்காப்பியர் ஒருவித்திலையை அறிந்தாரா?

புல், மரம் என்னும் பாகுபாடே ஒருவித்திலை, இருவித்திலை என்னும் பாகுபாடு எனவும், மேனாட்டார் அண்மையில் அறிந்ததைத் தமிழர் பண்டே அறிந்திருந்தனர் எனவும் மேடைகளிலும் நூல்களிலும் கூறப்படுகிறது. இக்கூற்றில் உண்மையும் உண்டு, மிகையும் உண்டு. இரண்டனையும் பிரித்தறிதல் வேண்டும்.

பனையையும் மூங்கிலையும் நெடிய மரவடிவு கண்டு மயங்காது, காலடியில் வளரும் புல்லோடு ஓரினமாகக் கொண்டது வியத்தற்குரிய நுண்ணறிவு. பனையினமும் புல்லினமும் ஒருவித்திலைத் தாவரங்களுள் அடங்குவன என்பது இன்றைய அறிவியலுக்கும் உடன்பாடே. வடிவால் வேறுபட்டவற்றை உள்ளமைப்பால் ஒன்றுபடுத்திக் காண்டல் அறிவியற் பார்வையின் சிறப்பியல்பு. இது கூற்றின் உண்மைப் பகுதி.

ஆனால் நூற்பாவில் வித்திலை பற்றிய குறிப்பு யாண்டும் இல்லை. வெங்காயம், வாழை ஆகியவை ஒருவித்திலையின. அவற்றுக்குக் காழ் இல்லை. முருங்கை இருவித்திலையது, அதற்கு அகக்காழ் இல்லை. உறுப்புப் பெயர் வழக்கும் முழுதும் ஒத்துவரவில்லை: பனைக்கும் தெங்குக்கும் ஓலை என்னும் நாம், வாழைக்கும் மூங்கிலுக்கும் இலை என்றே கூறுகிறோம். மேலும், ஒருவித்திலை என்பது இன்றும் ஓர் இயற்கை இனமாக ஏற்கப்பட்டிருப்பினும், இருவித்திலை என்பது அவ்வாறில்லை. பூக்கும் தாவரங்களின் மரபுவழியை ஆராய்ந்த பன்னாட்டு அறிஞர் குழு 1998ஆம் ஆண்டு வெளியிட்ட பாகுபாட்டில், பழைய இருவித்திலை வகுப்பு ஓரினமாகக் கொள்ளப்படவில்லை. தொல்காப்பியத்தின் பெருமையை இருவித்திலை என்னும் சொல்லோடு பிணித்தவர்கள், அச்சொல்லின் நிலை தளர்ந்தபோது யாது கூறுவர்? பிறிதொரு காலத்துக் கோட்பாட்டை நூலின்மேல் ஏற்றிப் புகழ்தல், அக்கோட்பாடு மாறுந்தோறும் நூலையும் மாற்ற வேண்டிய நிலைக்கு நம்மை உள்ளாக்கும். நூலுக்குரிய புகழ் அதன் சொல் கூறும் பொருளிலேயே உள்ளது. அதற்கு அயற்புகழ் வேண்டா.

இன்றைய வழக்கு

எண்டோஜீனஸ், எக்சோஜீனஸ் என்னும் அடைமொழிகள் பயிர்ப் பாகுபாட்டினின்று நீங்கினும் உயிரியலினின்று நீங்கவில்லை. உடலினுள்ளே சுரக்கும் பொருள் எண்டோஜீனஸ். புறத்திருந்து உடலுட் செல்வது எக்சோஜீனஸ். பக்கவேர்கள் வேரின் உள்ளடுக்கில் தோன்றிப் புறத்தே வருதலின் அவற்றின் தோற்றமும் எண்டோஜீனஸ் எனப்படும். இங்கெல்லாம் பிறப்பிடம் என்னும் வேர்ப்பொருள் முறையாகவே பொருந்துகிறது. எனவே இவற்றைத் தமிழாக்குவோர் 'அகத்தோன்றிய', 'புறத்தோன்றிய' என்றாற்போலத் தோற்றப் பொருள் விளங்க ஆக்குதல் வேண்டும். காழ் என்னும் சொல்லை இங்குக் கொணர்தல் ஆகாது.

கலைச்சொல்லாக்கத்தில் தமிழ்நாடும் ஈழமும் வெவ்வேறு வழிச் சென்றன. 1916ஆம் ஆண்டு சேலத்தில் தோன்றிய பரிபாஷைச் சங்கத்தின் முயற்சிக்குப்பின், திருநெல்வேலியிலிருந்து இ. மு. சுப்பிரமணிய பிள்ளை முன்னின்று உழைத்த சென்னை மாகாணத் தமிழ்ச் சங்கம் 1936ஆம் ஆண்டு சொல்லாக்க மாநாடு கூட்டி, 1938ஆம் ஆண்டு கலைச்சொற்களைத் தொகுத்து வெளியிட்டது. அம்மாநாட்டுப் பணியில் ஈழத்தவரான விபுலானந்த அடிகள் முதன்மையான பங்கு கொண்டார். இன்று தமிழ்நாட்டுப் பாடநூல்கள் மரத்தின் நடுவன்மையை வைரக்கட்டை என்றும், நீர் கடத்தும் இழையத்தைச் சைலம் என்றும் வழங்குகின்றன. ஈழத்துப் பாடநூல்களோ அவ்விழையத்திற்கே காழ் என்று பெயரிட்டுள்ளன.

பழஞ்சொல்லுக்குப் புதுவாழ்வு தந்த ஈழத்தார் செயல் போற்றத்தக்கது. ஆனால் அவ்வழக்கிற் பயின்ற மாணவர் தொல்காப்பியத்தைப் படிக்குங்கால் ஓர் எச்சரிக்கை வேண்டும். அவர் பொருளில் காழ் என்பது பனையிலும் உண்டு, வேம்பிலும் உண்டு, வாழையிலும் உண்டு; இளந்தண்டிலும் உண்டு. தொல்காப்பியக் காழோ முதிர்ந்த வன்மை மட்டுமே. கலைச்சொல்லாகப் புதுப்பிக்கப்பட்ட பழஞ்சொல், பழநூலின் பொருளை மறைக்கும் திரையாகவும் ஆகக்கூடும் என்பதற்கு இஃது எடுத்துக்காட்டு.

முடிபு

இதுகாறும் ஆராய்ந்தவற்றால் பெறப்படும் முடிபுகள் இவை. அகக்காழ், புறக்காழ் என்பன வன்மையின் இருப்பிடத்தைக் கூறும் அடைமொழிகள். வளர்ச்சி முறையையோ வித்திலையையோ அவை கூறவில்லை. ஐரோப்பிய அடைமொழிகளாகிய எக்சோஜீனஸ், எண்டோஜீனஸ் என்பன பயிர்ப் பாகுபாட்டில் முறையே அகக்காழ், புறக்காழ் உடையவற்றையே குறித்தன; சொல்லொப்புமை கருதி இவற்றை மாற்றி நேர் கூறுதல் பிழை. நிகண்டின் ஆண்மரம், பெண்மரம் என்பன பால் குறித்தன அல்ல.

கண்டதைக் கண்டவாறு கூறிய தமிழ் அடைமொழி, எந்தக் கோட்பாடு வீழினும் வீழாது நிற்கிறது. காரணத்தையும் உள்ளடக்கிக் கூற முற்பட்ட ஐரோப்பிய அடைமொழி பதினெட்டு ஆண்டுகளுக்குள் தகர்க்கப்பட்டது. இதனால் முன்னது உயர்ந்தது, பின்னது தாழ்ந்தது எனத் துணிதல் கூடாது. காரணத்தை வினவியதனாலேயே டெஃபோந்தேனும் டெ காண்டோலும் பிழைத்தனர். அவர் பிழைத்ததனாலேயே மோல் உண்மையைக் கண்டார். நம் நூற்பா பிழைபடாமைக்கு ஒரு காரணம், அது காரணத்தை வினவாமையே. அவ்வினா நம் மரபில் ஏன் தொடர்ந்து எழவில்லை என்பது தமிழ் ஆராய்ச்சியாளர் எண்ணுதற்குரியது.

திருவேங்கடம் வட்டாரத்தில் பனங்கை வேய்ந்த வீடுகள் குறைந்து வருகின்றன. பனையைப் பிளந்து சோற்றை நீக்கும் தச்சரும் அருகி வருகின்றனர். நூற்பாவுக்கு உரை எழுதிய ஆசிரியர்கட்கு அத்தொழில் கண்முன் நிகழ்ந்த ஒன்று. நம் மாணவர்கட்கு அவ்வாறன்று. அகராதியில் காழ் என்னும் சொல்லுக்கு வயிரம் என்று பொருள் காண்பதோடு அமையாமல், முற்றிய பனந்துண்டு ஒன்றையும் வேப்பந்துண்டு ஒன்றையும் வகுப்பறையில் வைத்து இந்நூற்பாவைக் கற்பித்தல் வேண்டும். அவற்றைக் கையாற் தொட்டறிந்த மாணவர் அகக்காழுக்கு எண்டோஜீனஸ் என்று நேர் எழுதார்.